அறுபதாயிரத்துக்கு மேல் ஒரு வெள்ளி

சிங்கப்பூரில் இப்போது ஒரு வெள்ளிக்கு, அதாவது ஒரு டாலருக்கு, நுரை பொங்க ஆற்றிய ஒரு தே தாரிக் தேநீர்கூடக் கிடைப்பதில்லை என்று தேக்கா உணவங்காடியில் அலுத்துக்கொள்கிறவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும். ஒரு வெள்ளிக்கு உயர் நீதிமன்றத்தின் கதவு திறந்ததை இந்தக் கண்ணால் பார்த்தவன் நான். அந்தக் கதவு அறுபது அடி உயரம். சரி, இருபது அடி என்று வைத்துக்கொள்ளுங்கள். என் மனைவி இரஞ்சிதத்தைக் கேட்டால் பத்து என்பாள்.

என் பெயர் தில்லையம்பலம். முப்பத்தாறு வருடம் அரசாங்கத்தில் குமாஸ்தா. அத்தனை வருடமும் எண்களை உள்ளது உள்ளபடி எழுதினேன். ஓய்வுபெற்ற மறுநாளிலிருந்து அதற்கு ஈடுகட்டிக்கொண்டிருக்கிறேன். அதில் யாருக்கும் நஷ்டமில்லை என்றுதான் நினைத்திருந்தேன், லீலா விஷயம் வரும்வரை.

லீலா புக்கிட் பாத்தோக்கில் எங்கள் புளோக்கிலேயே மூன்று மாடி கீழே இருப்பவள். கல்யாண மேடை அலங்காரம் அவள் தொழில். பத்தொன்பது வருடம் மற்றவர்களிடம் நாள்கூலிக்கு ஏணியில் ஏறித் திரைச்சீலை கட்டியவள், ஒருவழியாக மார்சிலிங் பக்கம் ஒரு தொழிற்பேட்டையின் ஐந்தாவது மாடியில் சொந்தமாகப் பட்டறை எடுத்தாள். திரைகள் இருந்தன, விளக்குகள் இருந்தன, ஒரு நொண்டி வேனும் இருந்தது. மணவறை மட்டும் இல்லை. ஒவ்வொரு கல்யாணத்துக்கும் அடுத்தவரிடம் வாடகைக்கு எடுத்து, லாபத்தில் பாதியை அங்கேயே விட்டுவிட்டு வருவாள்.

அந்தச் சமயத்தில்தான், இதே மேடை அலங்காரத்தில் மூத்தவரான ரத்னவேல் தொழிலைவிட்டு ஒதுங்கப்போவதாகச் செய்தி வந்தது. அவரிடம் பதினாறு தூண் மணவறை ஒன்று இருந்தது. சிற்ப வேலை செய்த மரத்தூண்கள், தங்க முலாம், நடுவில் தாமரை விதானம். அதைப் பார்த்துவிட்டுத்தான் இந்திரன் தன் சபையை மாற்றிக் கட்டினான் என்று நான் நெடுநாளாகச் சொல்லிவருகிறேன்.

பேரம் லீலாவின் பட்டறையில் நடந்தது. சாட்சிக் கையெழுத்துப் போட என்னை அழைத்திருந்தாள். அவர் எழுபதில் ஆரம்பித்தார், இவள் ஐம்பதில் ஆரம்பித்தாள், இரண்டு மணி நேரத்தில் அறுபதாயிரத்தில் வந்து நின்றார்கள். சாமான் வந்து முப்பது நாளில் பணம். பேனாவை எடுத்த ரத்னவேல் தாளைப் பார்த்ததும் மூடியை மறுபடி போட்டுவிட்டார்.

“முட்டையில முடிக்கக்கூடாது லீலா. கல்யாணச் சாமான். மொய்யே நூத்தியொண்ணுன்னுதானே வைக்கிறோம்? மேல ஒரு வெள்ளி போடு.”

“ஒரு வெள்ளிதானேண்ணே, போட்டுக்குங்க,” என்றாள் லீலா.

அறுபதாயிரத்து ஒன்று என்று எழுதி, எண்ணாலும் எழுத்தாலும் நிரப்பி, மூவரும் கையெழுத்திட்டோம். எனக்கு அதில் ஆச்சரியம் ஒன்றும் தோன்றவில்லை. நம்மவர்களில் யார்தான் சுபகாரியத்தைப் பூஜ்யத்தில் நிறுத்துவார்கள்?

மணவறை வந்து இறங்கியது. எதையும் முதல் கல்யாணத்துக்கு அனுப்புமுன் பட்டறையிலேயே முழுக்க ஒருமுறை நிறுத்திப் பார்ப்பது லீலாவின் பழக்கம். விளக்கு எங்கே கண்ணைக் குத்துகிறது, விதானத்தின் நிழல் பெண்ணின் முகத்தில் விழுகிறதா என்பதெல்லாம் ஆள் உட்காராமல் தெரியாதாம். அதனால் ஒரு செவ்வாய்க்கிழமை காலை என்னையும் இரஞ்சிதத்தையும் மாப்பிள்ளை பெண்ணாக வந்து உட்காரச் சொன்னாள். இரஞ்சிதம் முதலில் முறைத்தாள். பிறகு உள்ளே போய், நாற்பத்து மூன்று வருடத்துக்கு முந்தைய கூறைச் சேலையைக் கட்டிக்கொண்டு வந்தாள். நான் பட்டு வேட்டியில் போய் அவள் பக்கத்தில் அமர்ந்தேன். விளக்குகளைப் போட்டதும் தலைமேல் வெள்ளையாக ஏதோ பொடி உதிர்ந்தது. அட்சதை போலிருக்கிறது என்று நான் கையெடுத்துக் கும்பிட்டேன்.

லீலா ஒரு படம் எடுத்துக் கொடுத்தாள். பார்த்தால் அப்படியொரு அழகு. மனிதன் அதைச் சும்மா வைத்திருக்க முடியுமா? பேருந்தில் வீடு திரும்பும்போதே ஃபேஸ்புக்கில் போட்டேன். இன்று லீலாவின் பதினாறு தூண் மணவறையில் எங்களுக்கு மீண்டும் திருமணம், ஐந்நூறு பேர் திரண்டு வந்து வாழ்த்தினார்கள், வானம் பூமாரி பொழிந்தது என்று எழுதினேன். லீலாவுக்கு விளம்பரமாக இருக்கட்டுமே என்ற நல்லெண்ணம்தான். எழுபத்திரண்டு பேர் விருப்பம் தெரிவித்தார்கள். அது நிஜ எண்.

நாங்கள் கிளம்பிய பிறகு லீலா ஏணியைப் போட்டு ஏறிப் பார்த்திருக்கிறாள். உதிர்ந்தது மரத்தூள். முலாமுக்குள்ளே நான்கு தூண்களைக் கரையான் தின்று கூடாக்கியிருந்தது. இன்றோ நாளையோ அது யாராவது ஒரு பெண்ணின் தலையில் விழும். மறுநாள் காலையிலேயே படங்களோடு ரத்னவேலுக்குத் தகவல் அனுப்பினாள். சாமான் சரியில்லை, எடுத்துக்கொண்டு போங்கள், பணம் தரமாட்டேன்.

ரத்னவேல் வழக்குப் போட்டார்.

போட்டுவிட்டு, தேக்காவில் என் எதிரிலேயே உட்கார்ந்து அதைப் பெருமையாகவும் சொன்னார். அவருடைய வக்கீல், அந்த ஒற்றை வெள்ளியை விட்டுக்கொடுத்தால் வழக்கை அறுபதாயிரம் வரை விசாரிக்கும் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் போடலாம், செலவு குறையும் என்றாராம். இவர் ஒப்பவில்லை. வைத்த ஒற்றையை எடுத்தால் குடும்பத்துக்கு ஆகாது, இரண்டு பெண்கள் கல்யாணத்துக்கு நிற்கிறார்கள், எவ்வளவு செலவானாலும் அந்த வெள்ளியோடுதான் போடவேண்டும் என்று அடித்துச் சொல்லிவிட்டாராம். ஆகவே வழக்கு ஒரு படி மேலே, மாவட்ட நீதிமன்றத்தில் பதிவானது. நான் தலையாட்டிக் கேட்டுக்கொண்டேன். ஒரு மனிதர் ஒரு வெள்ளிமேல் இத்தனை விசுவாசம் வைத்திருப்பதை நான் வேறெங்கும் கண்டதில்லை.

லீலாவுக்கு வக்கீல் வைக்க வசதியில்லை. தானே பேசிக்கொண்டாள். உண்மைதானே சொல்லப்போகிறோம் என்று நம்பினாள். விசாரணையன்று அந்தப் பக்கத்து வக்கீல் திரையில் ஒரு படத்தைப் போட்டார். மணவறை, பட்டு வேட்டி, கூறைச் சேலை, என் பல். கீழே நான் எழுதியதும் அதன் ஆங்கில மொழிபெயர்ப்பும். வாங்கிய சாமானை ஐந்நூறு பேர் வந்த ஒரு விழாவுக்குப் பயன்படுத்திவிட்டு, மறுநாள் சரியில்லை என்று திருப்ப முடியாது என்பது அவர் வாதம்.

என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினார்கள். விழா எதுவும் நடக்கவில்லை, நாங்கள் இருவரும் லீலாவும்தான் இருந்தோம் என்றேன். அப்படியானால் பொய் எழுதினீர்களா என்று வக்கீல் கேட்டார். பொய் இல்லை, சற்று விரித்து எழுதினேன் என்றேன். மூன்று பேரை ஐந்நூறு பேராகவா என்று கேட்டார். மனம் நிறைந்திருந்தால் அப்படித் தோன்றும் என்றேன். பின்னால் யாரோ சிரித்தார்கள், எனக்கும் உற்சாகம் வந்துவிட்டது, இன்னும் நாலு வார்த்தை சேர்த்துச் சொன்னேன். லீலா மட்டும் என்னைப் பார்க்காமல் மேசையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

தீர்ப்பு வந்தது. சாட்சி இப்போது சொல்வதைவிட, வழக்கு என்ற நினைப்பே இல்லாத நாளில் அவர் தானாக எழுதியதே நம்பத்தக்கது. மணவறை பயன்படுத்தப்பட்டது, ஆகவே ஏற்றுக்கொள்ளப்பட்டது. அறுபதாயிரத்து ஒரு வெள்ளி, வட்டி, செலவுத்தொகை. அந்த நீதிபதியை நான் குறை சொல்லமாட்டேன். அவர் இடத்தில் நான் இருந்தாலும் என்னை நம்பியிருக்கமாட்டேன்.

வேனை விற்றாலும், பட்டறைக்குக் கட்டிய முன்பணத்தைத் திரும்ப வாங்கினாலும் பாதிகூடத் தேறாது என்றாள் லீலா. மறுபடி யாரிடமாவது நாள்கூலிக்கு ஏணி ஏற வேண்டியதுதான். அதை அழாமல், எங்கள் வீட்டுக் கூடத்தில் நின்றபடியே சொன்னாள். காப்பி வேண்டாமென்றாள். லிஃப்டுக்குக் காத்திருக்காமல் படியில் இறங்கிப் போய்விட்டாள்.

இரஞ்சிதம் கதவைச் சாத்திவிட்டுத் திரும்பினாள்.

“என்னப்பா, உங்கட வாயால அந்தப் பிள்ளைக்கு இந்தக் கெதி. நீங்களே போய் வழி தேடுங்கோ. தேடும்வரைக்கும் எனக்கு ஒரு கதையும் சொல்ல வேண்டாம்.”

நாற்பத்து மூன்று வருடத்தில் அவள் என் கதைகளை நிறுத்தச் சொன்னது அதுவே முதல் தடவை. நம்பியதில்லை, ஆனால் நிறுத்தச் சொன்னதும் இல்லை.

அவளுடைய ஒன்றுவிட்ட தங்கையின் மகள் நிவேதிகா வக்கீல். சையத் ஆல்வி ரோட்டில் ஒரு கடைவீட்டின் மாடியில் அலுவலகம். மறுநாளே லீலாவை அங்கே அழைத்துக்கொண்டு போனேன். நிவேதிகா முழுக் கதையையும் கேட்டாள். ஃபேஸ்புக் இடம் வந்தபோது என்னை ஒருதரம் நிமிர்ந்து பார்த்தாள், அவ்வளவுதான். பிறகு பேனாவை மூடி வைத்தாள்.

“பெரியப்பா, அப்பீல் சும்மா பண்ணிட முடியாது. வழக்குத் தொகை அறுபதாயிரத்துக்குள்ள இருந்தா, அப்பீல் பண்ணவே முதல்ல பெர்மிஷன் கேக்கணும். சட்டத்துல தப்பு இருக்கு, இல்லாட்டி பொதுவா எல்லாருக்கும் முக்கியமான கேள்வின்னு காட்டணும். ஒரு போட்டோவைத் தப்பா எடுத்துக்கிட்டாங்கன்னு சொன்னா பெர்மிஷன் கிடைக்கிறது ரொம்பக் கஷ்டம்.”

“அறுபதுக்கு மேல இருந்தா?”

“தாண்டிட்டா யாரையும் கேக்க வேணாம், அது உரிமை. பதினாலு நாளுக்குள்ள நோட்டிஸ் போட்டா ஹைகோர்ட் கேட்டே ஆகணும். ஆனா வட்டி, செலவெல்லாம் சேர்க்க முடியாது. வெறும் வழக்குத் தொகை மட்டும்தான். உங்களுது அறுபதுதானே அக்கா?”

“அறுபதாயிரத்து ஒண்ணு,” என்றாள் லீலா.

நிவேதிகாவின் கை காப்பிக் கோப்பையை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. அது பாதி வழியில் நின்றது.

“ஒண்ணா? எதுக்கு அந்த ஒண்ணு?”

லீலா மொய்யைப் பற்றிச் சொன்னாள். நிவேதிகா ஒப்பந்தத்தை எடுத்துப் பார்த்தாள். வழக்கு மனுவைப் பார்த்தாள். தீர்ப்பைப் பார்த்தாள். எல்லாவற்றிலும் அந்த ஒன்று, கடைசி இடத்தில் கால் ஊன்றி நின்றது. ஆனால் அந்தப் பக்கத்து வக்கீல் இதை எப்படி விட்டார், யாராக இருந்தாலும் கழித்துவிட்டுத்தானே போட்டிருப்பார்கள் என்று அவள் தனக்குள் முணுமுணுத்தாள். அப்போது நான் தேக்காவில் கேட்டதைச் சொன்னேன். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு சொல் கூட்டாமல் சொன்னேன். கூட்ட இடமில்லை.

நிவேதிகா சிரிக்கவில்லை. மூக்குக் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தாள்.

“அவர் அதை விட்டுக்கொடுத்திருந்தா, இந்த நாலு சுவத்துக்குள்ளயே உங்க கேஸ் முடிஞ்சிருக்கும் அக்கா.”

அன்று ரயிலில் திரும்பும்போது பையிலிருந்து ஒரு வெள்ளி நாணயத்தை எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பார்த்துக்கொண்டே வந்தேன். ஒரு நாடு உட்கார்ந்து யோசித்து, அறுபதாயிரத்தில் ஒரு கோடு கிழித்திருக்கிறது. அந்தக் கோட்டில் நிற்பவன் அனுமதி கேட்டுக் கையைக் கட்டிக்கொண்டு நிற்கவேண்டும். ஒரு காசு தாண்டியவன் நிமிர்ந்து நடந்து உள்ளே போகலாம். அழுகையின் அளவைப் பார்த்து எந்தக் கோடும் கிழிக்க முடியாது, எண்ணைப் பார்த்துத்தான் கிழிக்க முடியும் என்பது குமாஸ்தாவான எனக்குப் புரிந்தது. அப்படியும் உடம்பு சிலிர்த்தது. நான் சுவா சூ காங் வரை போய்விட்டுத் திரும்பி வந்தேன், இறங்க மறந்து.

மேல்முறையீடு சில மாதங்கள் கழித்து விசாரணைக்கு வந்தது. உயர் நீதிமன்றக் கட்டடத்தின் உச்சியில் ஒரு பெரிய வட்டத் தட்டு இருக்கிறதே, அதன் கீழே நின்று அண்ணாந்து பார்த்தபோது லீலா தன் கைப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். லிஃப்ட் இரண்டு நாள் ஏறியது. அறைக்குள் அவ்வளவு அமைதி. என் தாடி வளரும் சத்தம் எனக்கே கேட்டது. மேல்முறையீட்டில் சாட்சிகள் பேசக்கூடாது, ஏற்கெனவே உள்ள தாள்களை வைத்து வக்கீல்கள் மட்டும்தான் பேசுவார்கள் என்று நிவேதிகா முன்பே எச்சரித்திருந்தாள். இரஞ்சிதத்துக்கு அந்தச் சட்டம் மிகவும் பிடித்துப்போனது.

நீதிபதி ஒரு பெண்மணி. குரலை உயர்த்தாதவர். நிவேதிகா பேசியதையும் அந்தப் பக்கம் பேசியதையும் குறுக்கிடாமல் கேட்டார். பிறகு தாள்களைப் புரட்டி, நூற்று நாற்பத்து மூன்றாம் பக்கத்தைப் பார்க்கச் சொன்னார். அது பட்டறையின் வாடகை ஒப்பந்தம். முகவரிக்காக லீலா வெறுமனே இணைத்திருந்த தாள். அந்த இடத்தின் பரப்பு என்ன என்று கேட்டார்.

தொண்ணூற்று இரண்டு சதுர மீட்டர் என்றாள் நிவேதிகா. மணவறை மட்டும்? எட்டுக்கு ஆறு, நாற்பத்தெட்டு. நீதிபதி ஒரு மூலையில் கழித்து எழுதினார். படத்தில் பின்னால் தெரிகிற பட்டறைச் சுவரையும், அடுக்கி வைத்த பெட்டிகளையும் சிறிது நேரம் பார்த்தார். பிறகு ரத்னவேலின் வக்கீலிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

“மீதி நாற்பத்து நான்கு சதுர மீட்டரில் ஐந்நூறு பேர் எப்படி நின்றார்கள்?”

வெளியே நின்றிருக்கலாம் என்றார் வக்கீல். வெளியே, ஐந்தாம் மாடிவரை ஏறி வரும் லாரிகள் திரும்பும் பாதை என்றாள் நிவேதிகா. அப்படியானால் எண்ணிக்கை சற்றுக் குறைவாக இருந்திருக்கலாம் என்றார் அவர். எவ்வளவு குறைவாக என்று நீதிபதி கேட்டார். மூன்று என்று கத்த வாயைத் திறந்த என் தொடையை இரஞ்சிதம் கிள்ளினாள். அந்தத் தழும்பு இன்றும் இருக்கிறது, காட்டச் சொன்னால் காட்டுவேன்.

அரை மணி நேரம் ஒத்திவைத்துவிட்டுத் திரும்பி வந்து தீர்ப்பைச் சொன்னார். விழா நடந்ததற்கு அந்தப் பதிவைத் தவிர வேறு ஆதாரமில்லை, அந்தப் பதிவோ தன்னைத் தானே பொய்யாக்கிக்கொள்கிறது. வாங்கிய பொருளை நிறுத்திப் பார்ப்பது சோதிப்பதே, ஏற்றுக்கொள்வது ஆகாது. மறுநாளே குறை தெரிவிக்கப்பட்டிருக்கிறது. நடுவில் என்னைப் பற்றியும் ஒரு வாக்கியம் வந்தது. இந்தச் சாட்சி தரும் எண்களை எந்தத் திசையிலும் நம்ப முடியாது, ஆனால் அறையின் அளவை நம்பலாம். யாராவது அதை மறுபடி படிக்கமாட்டார்களா என்று நான் சுற்றிப் பார்த்தேன். என் இத்தனை நீள வாழ்க்கையை அதைவிடத் துல்லியமாக ஒருவரும் சொன்னதில்லை.

மேல்முறையீடு ஏற்கப்பட்டது. லீலா எதுவும் கொடுக்க வேண்டியதில்லை. ரத்னவேல் தன் மணவறையை எடுத்துச் செல்லவேண்டும்.

லீலா எழுந்து நிற்க மறந்துபோனாள். எல்லோரும் எழுந்து வணங்கி, நீதிபதி உள்ளே போன பிறகும் உட்கார்ந்திருந்தாள். இரஞ்சிதம் போய் அவள் தோளைத் தொட்டாள். “வா பிள்ளை,” என்றாள். அப்போதுதான் அவளுக்கு அழுகை வந்தது.

அடுத்த சனிக்கிழமை காலை ரத்னவேல் லாரியோடு பட்டறைக்கு வந்தார். நானும் போயிருந்தேன். யாரும் யாரையும் நலம் விசாரிக்கவில்லை. லாரிக்காரர் ஒருவர், ரத்னவேல், லீலா, மூவருமாகத் தூண்களைக் கழற்றி இறக்கினார்கள். பன்னிரண்டு தூண்கள் நல்ல மரம், ஒவ்வொன்றையும் இரண்டு பேர் பிடித்து, மூச்சு வாங்கி, நிறுத்தி நிறுத்திக் கொண்டுபோனார்கள். பதின்மூன்றாவதற்கு ரத்னவேல் குனிந்து, அதே கனத்துக்கு உடம்பைத் தயார்செய்துகொண்டு தூக்கினார். அது குடை மாதிரி மேலே வந்துவிட்டது. அவர் தடுமாறிப் பின்னால் ஒரு அடி வைத்தார்.

ஒரு கையில் அந்தத் தூணைப் பிடித்தபடி அப்படியே நின்றார். முலாம் வெயிலில் மின்னியது. இத்தனை மாதம் இரண்டு நீதிமன்றங்களில், அத்தனை வக்கீல்களுக்கு முன்னால் பேசப்பட்ட விஷயம் இப்போதுதான் அவர் கைக்கு வந்து சேர்ந்தது என்று அவர் முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

“ஆளுங்கதான் எப்பவும் தூக்குவாங்க,” என்றார் கடைசியில். “நான் ஒருநாளும் தூக்கிப் பாத்ததில்ல லீலா.”

“தெரியும்ண்ணே. பாத்திருந்தா நீங்க வித்திருக்க மாட்டீங்க.”

ரத்னவேல் மற்ற மூன்று தூண்களையும் யாரையும் தொடவிடாமல் தானே ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டு போய் லாரியில் படுக்கவைத்தார். லீலா பட்டறையின் நடுவில் காலியான இடத்தைப் பெருக்கி, மரத்தூளை ஒரு பையில் அள்ளிக் கட்டினாள். மறுநாள் சுவா சூ காங்கில் ஒரு கல்யாணம் ஒப்புக்கொண்டிருந்தாள். வாடகை மணவறை மூன்று மணிக்கு வரும், அதற்குள் திரைகளுக்கு இஸ்திரி போட்டாக வேண்டும், சும்மா நிற்காமல் அந்த முனையைப் பிடியுங்கள் அங்கிள் என்றாள். பிடித்தேன்.